இருவரும் கையெழுத்திட்டால் மட்டும்

மருதப்பன் செட்டியார் பெரியாஸ்பத்திரியில் இறந்துவிட்டார் என்ற செய்தி மலாக்கா காஜா பெராங் தெருவில் இருந்த கடைக்கு வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு வந்தது. அவருடைய பதினோரு வருடக் கூட்டாளியான கலியாணசுந்தரம் தோள் துண்டை எடுத்துக் கண்ணில் வைத்துக்கொண்டார். செய்தி கொண்டுவந்த ஆள் சைக்கிளில் ஏறித் தெருமுனை திரும்பியதும் துண்டை மறுபடி தோளில் போட்டுவிட்டு, இழுப்பறையைத் திறந்து கம்பெனியின் செக் புத்தகத்தை வெளியே எடுத்தார். துக்கம் ஆளுக்கு ஒரு விதமாகத்தான் வரும் போலிருக்கிறது.

செக் புத்தகத்தில் பத்துத் தாள்களைக் காணவில்லை. அடிக்கட்டை மட்டும் இருந்தது. அதில் தேதி இல்லை, பெயர் இல்லை, தொகை இல்லை. புத்தகத்தைக் கடைசியாகக் கையில் வைத்திருந்தவர், ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு முதல் நாள் கடைக்கு வந்துபோன மருதப்பன். கலியாணசுந்தரத்துக்கு ஒரு நிம்மதி வந்தது. மூன்று வருடமாக அவர் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்ததற்கு இன்றைக்குத்தான் ஆதாரம் கிடைத்திருக்கிறது. கூட்டாளி திருடன்தான். செத்தும் திருடியிருக்கிறான்.

இருவரும் 1946இல், ஜப்பான்காரன் போன கையோடு, நாற்காலியும் கூடாரமும் வாடகைக்கு விடும் தொழிலை ஆரம்பித்தார்கள். ‘மருதப்பன் கலியாணசுந்தரம் கம்பெனி.’ மருதப்பன் செட்டிநாட்டிலிருந்து வட்டிக்கடைக் கணக்குப்பிள்ளையாக வந்து, முதலாளி ஊருக்குப் போனபின் இங்கேயே தங்கிவிட்டவர். கலியாணசுந்தரம் பத்து பெரெண்டாம் என்ற ஊர்ப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்து, அங்கே பால் வெட்டமாட்டேன் என்று டவுனுக்கு ஓடிவந்தவர். மலாக்காவில் யார் வீட்டில் கல்யாணம் நடந்தாலும், யார் வீட்டில் சாவு விழுந்தாலும், துக்காங் எமாஸ் தெருப் பிள்ளையார் கோயிலில் திருவிழா நடந்தாலும் ஜனங்கள் இவர்களுடைய மடக்கு நாற்காலியில்தான் உட்கார்ந்தார்கள்.

சண்டை 1954இல் வந்தது. ஒரு கல்யாணத்துக்குப் போன நாற்காலிகளில் பன்னிரண்டு திரும்பி வரவில்லை. மருதப்பன் விற்றுவிட்டார் என்று கலியாணசுந்தரம் சொன்னார். எண்ணி வாங்கத் தெரியாத ஆள் தொழில் செய்யக்கூடாது என்று மருதப்பன் சொன்னார். ஒரு மாதம் கழித்துப் பெண் வீட்டாரின் கோழிக்கூண்டுக்குப் பின்னால் பன்னிரண்டும் பத்திரமாகக் கிடைத்தன. ஆனால் அதற்குள் கலியாணசுந்தரம் ஒரு வக்கீல் குமாஸ்தாவைப் பிடித்து, பேங்குக்கு ஆங்கிலத்தில் ஒரு கடிதம் எழுதிக் கொடுத்திருந்தார். இருவரும் கையெழுத்திட்டால் மட்டும்தான் கம்பெனிச் செக்குக்குப் பணம் தரவேண்டும். எந்தக் காலத்திலும், எந்தக் காரணத்தாலும், ஒருவர் கையெழுத்தை மட்டும் வைத்து ஒரு காசும் தரக்கூடாது. ‘எந்தக் காரணத்தாலும்’ என்ற சொற்களுக்கு அடியில் கோடு போடச் சொல்லி, அதற்குத் தனியாக ஐம்பது காசு கொடுத்தார்.

நாற்காலி கிடைத்துவிட்டது என்பதற்காகக் கடிதத்தைத் திரும்ப வாங்க முடியுமா? மானம் என்று ஒன்று இருக்கிறதே. அன்றிலிருந்து கூட்டாளிகள் பேசிக்கொள்வதை நிறுத்தினார்கள். ஒரே கடை, எதிரெதிர் மேசை. மருதப்பன் செக்கில் கையெழுத்துப் போட்டு நடுவில் இருந்த முக்காலியில் வைப்பார். அவர் சாப்பிடப் போனதும் கலியாணசுந்தரம் எழுந்துபோய் எடுத்துத் தன் கையெழுத்தைப் போடுவார். தொழில் என்னவோ முன்பைவிட நன்றாக நடந்தது. முதலாளிகள் வாயைத் திறக்காத கடையில் வாடிக்கையாளருக்கு எரிச்சலே வருவதில்லை.

1957 ஜூலை மாதம் மருதப்பனுக்குக் காலில் வந்த புண் ஆறவில்லை. சர்க்கரை வியாதி. மூன்று வாரம் ஆஸ்பத்திரியில் கிடந்தார். கலியாணசுந்தரம் பார்க்கப் போகவில்லை. ஆஸ்பத்திரி கடையிலிருந்து சைக்கிளில் கால் மணி தூரம். போனால் சமாதானத்துக்கு வந்ததாக அவன் நினைப்பான் என்று மனைவி சீதாவிடம் காரணம் சொன்னார். “படுத்துக் கெடக்கிற மனுசன் அத நெனைக்கத்தான் நேரம் வச்சிருக்காரு” என்றாள் சீதா. அவள் இரண்டு தடவை பார்லி கஞ்சி எடுத்துக்கொண்டு போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். அதைக் கணவரிடம் சொல்லவில்லை.

சனிக்கிழமை எரியூட்டல். சாவு வீட்டுக்குக் கலியாணசுந்தரம் நாற்பது நாற்காலிகள் அனுப்பினார். வாடகைப் புத்தகத்தில் அதை எழுதி, தொகை போடும் இடத்தில் ‘பிறகு’ என்று குறித்துவைத்தார். கணவரை இழந்த நாச்சியம்மை ஆச்சி முன்னால் போய் நின்று கைகூப்பினார். அழுகைக்கு இடையில் ஆச்சி எழுந்து ஏதோ சொல்ல வந்தார். கலியாணசுந்தரம் முந்திக்கொண்டு, இறப்புப் பதிவு வேலையையெல்லாம் தானே பார்த்துக்கொள்வதாகவும், ஆஸ்பத்திரி கொடுத்த காகிதத்தை மட்டும் தந்தால் போதும் என்றும் சொன்னார். அந்த வீட்டுக்கு மூன்று வருடத்தில் அவர் செய்யவந்த ஒரே உதவி இதுதான். ஆச்சி உள்ளே போய்க் காகிதத்தை எடுத்துவந்து கொடுத்தார்.

திங்கட்கிழமை காலையில் முதல் வேலையாக மரணச் சான்றிதழில் இரண்டு பிரதி வாங்கி, ஒன்றை ஆச்சி வீட்டுக்கு ஆள் மூலம் அனுப்பிவிட்டு, மற்றதோடு பேங்குக்குப் போனார். அவர் மனசுக்குள் போட்ட கணக்கு சுலபமானது. மருதப்பன் இறந்ததைப் பேங்குக்குச் சொல்லிவிட்டால் திருட்டுப்போன பத்துத் தாள்களும் செல்லாமல் போகும். உயிரோடு இருக்கும் ஒரே கூட்டாளி என்ற முறையில் இனிமேல் தன் ஒரு கையெழுத்தே போதும். சுதந்திர நாளான மெர்டேக்காவின் விழாக் குழு அறுநூறு நாற்காலி கேட்டிருந்தது. கம்பெனியிடம் நானூறுதான் இருந்தது. மீதியைச் செய்து தர ஒரு சீனத் தச்சர் தயாராக இருந்தார். பாதி முன்பணம் கையில் விழுந்தால் அன்றைக்கே மரத்தை அறுப்பார். நாட்டுக்குச் சுதந்திரம் கிடைக்கும் மாதத்தில் தனக்கும் கிடைப்பது பொருத்தம்தான் என்று கலியாணசுந்தரத்துக்குத் தோன்றியது.

பேங்கின் தலைமைக் குமாஸ்தா ராஜரத்தினம் யாழ்ப்பாணத்துக்காரர். வெள்ளை கால்சட்டை, வெள்ளை சட்டை, கழுத்துப்பட்டி. இருபது வருடமாக அதே கவுண்டர். சான்றிதழை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். தன் அனுதாபத்தைத் தெரிவித்தார். ‘பெற்றுக்கொண்டோம்’ முத்திரை குத்தினார். பிறகு பெரிய பேரேட்டைத் திறந்து கம்பெனிக் கணக்கின் மேல் சிவப்பு மையில் ஒரு வரி எழுதினார்.

“என்ன எழுதுறீங்க?” என்றார் கலியாணசுந்தரம்.

“கணக்கு நிறுத்தம்.”

கூட்டாளி ஒருவர் இறந்தால் கூட்டு அன்றோடு கலைந்துவிடுகிறது, அதனால் பழையபடி கணக்கை நடத்த முடியாது என்று ராஜரத்தினம் பொறுமையாக விளக்கினார். பொதுவாக மிஞ்சியிருக்கும் கூட்டாளி கொடுக்கல் வாங்கலை முடித்து வைப்பதற்காகத் தன் கையெழுத்திலேயே பணம் எடுக்கப் பேங்கு விடுவது உண்டாம். கலியாணசுந்தரம் பேனாவைத் திறந்தார். ராஜரத்தினம் ஒரு கோப்பைத் திறந்தார்.

“ஆனால் நீங்கள் தந்த கடிதம் ஒன்று இருக்குது, மிஸ்டர் கலியாணசுந்தரம். ‘எந்தக் காரணத்தாலும்’ எண்டு எழுதியிருக்கிறீர்கள். கீழே கோடும் போட்டிருக்கு.”

“அது அவரு உயிரோட இருக்கிறப்போ எழுதுனது.”

“சாவும் ஒரு காரணம்தானே.”

மேனேஜர் வெள்ளைக்காரர். அவர் கடிதத்தைப் படித்துவிட்டு, இவ்வளவு தெளிவான உத்தரவைத் தன் வாழ்நாளில் பார்த்ததில்லை என்று பாராட்டினார். அதை மீறும் அதிகாரம் தனக்கு இல்லை, சிங்கப்பூர் தலைமை அலுவலகத்துக்கு எழுதவேண்டும் என்றார். எழுதுவதற்கு முன் இரண்டு காகிதம் வேண்டும். ஒன்று, பழைய கடிதத்தை வாபஸ் வாங்குவதாகக் கலியாணசுந்தரம் எழுதித் தரவேண்டும். அந்தக் கடிதத்தில் இறந்தவரின் நேர்மையைக் குறைசொல்லி ஒரு பத்தி இருப்பதால், அந்தப் பத்தி உண்மை இல்லை என்பதையும் சேர்த்து எழுதவேண்டும். இரண்டாவது, இறந்தவரின் மனைவி தனக்கு ஆட்சேபம் இல்லை என்று கையெழுத்திட்டுத் தரவேண்டும். ராஜரத்தினம் பழைய கடிதத்தைத் தட்டச்சில் நகல் எடுத்து ஒரு உறையில் போட்டுக் கொடுத்தார்.

வெளியே வந்த கலியாணசுந்தரம் ஆச்சி வீட்டுப் பக்கம் போகவில்லை. அதைத் தவிர மற்ற எல்லா இடத்துக்கும் போனார். முதலில் செட்டியார்களின் வட்டிக்கடை. பத்து வருடமாக அந்தக் கடையில் கம்பெனிக்குக் கேட்டபோதெல்லாம் கடன் கிடைத்திருக்கிறது. தன் முகத்துக்காகத்தான் கிடைத்தது என்று நம்பிக்கொண்டிருந்தார். அங்கே பாயில் உட்கார்ந்திருந்த கணக்குப்பிள்ளை மருதப்பனைப் பற்றி அரை மணி நேரம் உருகினார். எப்பேர்ப்பட்ட மனிதர், சொன்ன தேதிக்கு ஒரு நாள் முந்தி வட்டி வந்துவிடும் என்றார். பிறகு மரியாதையாக, “நீங்க யாரு, கம்பெனியில என்ன வேலை பாத்தீங்க?” என்று கேட்டார்.

அடுத்து மெர்டேக்கா விழாக் குழுவின் செயலாளரிடம் போய், வாடகையில் ஒரு பகுதியை முன்னதாகத் தரமுடியுமா என்று கேட்டார். தேசத்துக்காக எல்லாரும் ஏதாவது தியாகம் செய்யும் நேரத்தில் இப்படிக் கேட்கலாமா என்று செயலாளர் வருத்தப்பட்டார். அவர் குழுவுக்காக ஒரு புதுக் கோட்டு தைத்துக்கொண்டிருந்தார். அளவெடுக்க ஆள் வந்திருந்ததால் பேச்சு அதோடு முடிந்தது. தச்சரும் கடன் சொல்லிப் பார்த்ததற்குச் சிரித்தார். கடைசியாகச் சீதாவின் சங்கிலி.

“தரமாட்டேன்லா” என்றாள் சீதா. “ஆச்சி வீட்டுக்குப் போகக் கூச்சமா இருக்குங்கிறதுக்கு என் சங்கிலி அடகுக் கடைக்குப் போவணுமா?”

எட்டு நாள் இப்படிக் கழிந்தது. இருபதாம் தேதி செவ்வாய்க்கிழமை மதியம் கலியாணசுந்தரம் ஒரு சீப்பு வாழைப்பழமும் பேங்கு உறையுமாக ஆச்சி வீட்டுக்குப் போனார். கம்போங் செட்டிக் குடியிருப்பைத் தாண்டி இரண்டாவது சந்தில் வீடு. சாவுக்கு அனுப்பிய நாற்பது நாற்காலிகளும் மடக்கித் துடைக்கப்பட்டு முன்கூடத்துச் சுவரில் வரிசையாகச் சாய்ந்திருந்தன. ஆச்சி வெள்ளைச் சேலையில் இருந்தார். ஐம்பது வயது இருக்கும். ஒரு நாற்காலியை விரித்துப் போட்டு அவரை உட்காரச் சொல்லிவிட்டு, தான் பாயில் உட்கார்ந்தார்.

கலியாணசுந்தரம் மருதப்பனின் குணத்தைப் புகழ்ந்து ஆரம்பித்தார். வட்டிக்கடைக் கணக்குப்பிள்ளையிடம் கேட்டதையெல்லாம் சொந்தச் சரக்கு போலச் சொன்னார். பிறகு பேங்கில் ஒரு சின்னச் சம்பிரதாயம் பாக்கி இருப்பதாகவும், ஆச்சி ஒரு கையெழுத்துப் போட்டால் போதும் என்றும் தெரிவித்தார். ஆச்சி உறையைக் காட்டி அது என்ன என்று கேட்டார். பழைய கடிதம் ஒன்று, முக்கியமில்லை என்றார் இவர். தனக்கு இங்கிலீசு தெரியாது, வாசித்துத் தமிழில் சொல்லுங்கள் என்றார் ஆச்சி.

வேறு வழி இல்லாமல் கலியாணசுந்தரம் காகிதத்தைப் பிரித்தார். முதல் பத்தி விலாசமும் வணக்கமும். அதைக் கொஞ்சமும் பிசகாமல் மொழிபெயர்த்தார். இரண்டாவது பத்தியில் கொஞ்சம் தயங்கினார். “என் கூட்டாளிக்கு வேலை அதிகமா இருக்கறதுனால, அவரு சுமையைக் கொறைக்கிறதுக்காக…” என்று ஆரம்பித்து, இருவரும் சேர்ந்து கையெழுத்துப் போடுவது இருவருக்கும் நல்லது என்று எழுதியிருப்பதாகச் சொன்னார். தன் மொழிபெயர்ப்பு அவருக்கே திருப்தியாக இருந்தது. எழுதிய காலத்தில் இப்படியே எழுதியிருக்கலாமே என்றுகூடத் தோன்றியது.

“இந்தப் பத்தியில ‘டிஸ்ஆனஸ்ட்’னு ஒரு வார்த்தை வரணுமே” என்றார் ஆச்சி. “அதுக்குத் தமிழ்ல என்ன?”

கலியாணசுந்தரம் காகிதத்தை மடித்தார்.

“பேங்குல இருந்து அப்பவே அவுகளுக்கும் ஒரு நகல் வந்துச்சு. அவுக எனக்கு வரிவரியா வாசிச்சுச் சொன்னாக. நாணயம் கெட்டவர்னு அர்த்தமாம். நீங்க சொன்ன வேலைச் சுமை அதுல எங்கயும் இல்ல.”

கோபமாகச் சொல்லவில்லை. அரிசியில் கல் இருக்கிறது என்று சொல்வதுபோலச் சொன்னார். எதையாவது சொல்லித் தப்பிக்க வேண்டும் என்ற அவசரத்தில், கலியாணசுந்தரம் சொல்லியிருக்கவே கூடாத ஒன்றைச் சொன்னார். செக் புத்தகத்தில் பத்துத் தாள் காணாமல் போயிருக்கிறது, செட்டியார்தான் கடைசியாக வைத்திருந்தார், அதை நான் யாரிடமும் சொல்லவில்லை, பெரிய மனது பண்ணி விட்டுவிட்டேன் என்றார்.

ஆச்சி எழுந்து உள்ளே போனார். அலமாரி திறக்கும் சத்தம் கேட்டது. திரும்பி வந்து ஒரு பழுப்பு உறையை அவர் மடியில் வைத்தார். உள்ளே பத்துச் செக்குகள். எல்லாவற்றிலும் மருதப்பனின் கையெழுத்து இருந்தது. பெயரும் தொகையும் எழுதும் இடம் காலியாக இருந்தது.

“ஆஸ்பத்திரியில கட்டில்ல சாஞ்சுக்கிட்டுப் போட்டாக” என்றார் ஆச்சி. “மெர்டேக்காவுக்குப் பெரிய வேலை வந்திருக்கு, நான் எந்திரிக்க நாளாகும், பணம் எடுக்க முடியாமக் கடை நின்னுறக் கூடாதுன்னாக. கலியாணசுந்தரம் என்னையப் பாக்க வருவாரு, வந்தா இதக் குடுத்துருன்னு சொன்னாக. நீங்க வரலை. தூக்கின அன்னைக்கு வந்தீக. அப்பவாவது குடுப்போம்னு எந்திரிச்சேன். நீங்க சர்ட்டிபிகேட்டுக்குக் காயிதம் கேட்டீக.”

கலியாணசுந்தரம் செக்குகளை ஒவ்வொன்றாகப் புரட்டினார். முதல் நான்கில் கையெழுத்து வழக்கம்போல உருண்டையாகத் திடமாக இருந்தது. ஐந்தாவதில் சுழி நடுங்கியிருந்தது. எட்டாவதில் எழுத்து கோட்டை விட்டுக் கீழே இறங்கியது. பத்தாவதில் ‘மருதப்’ வரை எழுதி நிறுத்தி, வேறு ஒரு நேரத்தில் மிச்சத்தை எழுதியதுபோல மையின் நிறம் மாறியிருந்தது. ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தால் தன் கையெழுத்தைச் சேர்த்துப் போட்டு அன்றைக்கே பணம் எடுத்திருக்கலாம். எந்தத் தொகையும் எழுதியிருக்கலாம். நாணயம் கெட்டவனுக்கு இது கொடுக்கப்பட்டிருக்கிறது என்று அவருக்குத் தெரிந்தது. யார் அந்த நாணயம் கெட்டவன் என்பதும் கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்தது. கண்ணைத் துடைக்கத் தோளில் கை வைத்தார். துண்டு கொண்டுவரவில்லை. வேட்டி நுனியால் துடைத்துக்கொண்டார். அந்த வீட்டில் அவர் அழுதது அதுதான் முதல் தடவை. பத்து நாள் தாமதம்.

“இத இப்பப் பேங்குல குடுத்தா?” என்று ஆச்சி கேட்டார்.

“செல்லாது ஆச்சி. நாந்தான் ஓடிப்போயிச் சொல்லிட்டேனே.”

ஆச்சி மறுபடி பாயில் உட்கார்ந்தார். ஒரு கையெழுத்துப் போடுவதில் தனக்கு ஒன்றும் இல்லை என்றார். ஆனால் போட்டபின் என்ன ஆகும் என்று கேட்டார். கணக்கில் உள்ளதைப் பார்த்து மருதப்பன் பங்கைக் கொடுத்துவிடுவேன், கம்பெனியை நான் ஒருவனாக நடத்துவேன் என்றார் கலியாணசுந்தரம். ஒருத்தர் கையெழுத்தா என்று ஆச்சி கேட்டார். ஆமாம் என்றார் இவர்.

“வேணாம். அவுக பங்க நான் எடுக்கலை. கடையிலயே கெடக்கட்டும். அவுக எடத்துல நான் கையெழுத்துப் போடுறேன். நீங்க எழுதின அந்த விதி நல்ல விதி. ரெண்டு பேரும் போட்டாத்தான் பணம். கோடு போட்ட வார்த்தையும் அப்படியே இருக்கட்டும். ‘டிஸ்ஆனஸ்ட்’ பத்தியை மட்டும் எடுத்துருங்க.”

பெண்பிள்ளைக்கு நாற்காலித் தொழில் எப்படிப் புரியும், லாரிக்காரர்களோடு எப்படிப் பேசுவது என்று கலியாணசுந்தரம் மெல்ல எடுத்துச் சொல்லிப் பார்த்தார். நீங்களும் அவுகளும் மூணு வருசம் ஒண்ணும் பேசாமலேதானே நடத்தினீக என்றார் ஆச்சி. கலியாணசுந்தரம் உறையை எடுத்துக்கொண்டு எழுந்தார். ஆச்சி வாசல் வரை வந்து, வாழைப்பழத்தில் பாதிச் சீப்பைத் திருப்பிக் கொடுத்து, சீதாவுக்கு என்றார். ஆஸ்பத்திரிக்குச் சீதா கொண்டுவந்த பார்லி கஞ்சிதான் மருதப்பன் கடைசியாக ருசித்துக் குடித்தது என்றும் சொன்னார். கலியாணசுந்தரம் அந்தச் செய்தியைப் பழத்தோடு சுமந்துகொண்டு நடந்தார். வீட்டில் மனைவியிடம் அதைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. அவள் தட்டில் வைத்த சோற்றைச் சத்தமில்லாமல் சாப்பிட்டார்.

அன்று மாலையே வாபஸ் கடிதத்தை எழுத உட்கார்ந்தார். வக்கீல் குமாஸ்தாவிடம் போக மனம் வரவில்லை. தமிழிலேயே எழுதினார். முதல் தாளில் ‘தவறுதலாக’ என்று போட்டார். கிழித்தார். இரண்டாவதில் ‘கோபத்தில்’ என்று போட்டார். அதையும் கிழித்தார். கடைசியில், மருதப்பன் செட்டியார் நாணயமானவர், நான் எழுதியது பொய், பொய் என்று ஒரு மாதத்திலேயே எனக்குத் தெரியும் என்று மூன்று வரியில் முடித்தார். ராஜரத்தினம் அதை வாங்கி இரண்டு முறை வாசித்தார். பேங்குக்கு இந்த மூன்றாவது வரி தேவையில்லை, விரும்பினால் வெட்டிவிடலாம் என்றார். கலியாணசுந்தரம் வேண்டாம் என்றார்.

புதுக் கூட்டு, புதுக் கணக்கு, அதற்கு ஒரு பெயர் வேண்டும். பேங்கு பெஞ்சில் ஆச்சியும் அவரும் இரண்டு ஓரமாக உட்கார்ந்திருந்தார்கள். ‘கலியாணசுந்தரம் அண்ட் கோ’ என்று வைக்கலாம் என்றார் இவர். கோ என்பது யார் என்று ஆச்சி கேட்டார். தான்தான் என்று தெரிந்ததும் வேண்டாம் என்று தலையை அசைத்துவிட்டார். அப்படியானால் இரண்டு பெயரையும் சேர்த்து ‘நாச்சியம்மை கலியாணசுந்தரம் கம்பெனி’ என்று படிவத்தில் எழுதட்டுமா என்றார் ராஜரத்தினம். எழுதியும் காட்டினார். படித்தால் அது ஒரு பெண்டாட்டி புருஷன் பெயர் போல இருந்தது. அந்தப் பெயரோடு கடையில் பலகை தொங்கினால் சீதா அதை இறக்க ஏணி தேடமாட்டாள் என்று கலியாணசுந்தரத்துக்கு நிச்சயமாகத் தெரிந்தது, கல்லாலேயே இறக்கிவிடுவாள். ஆச்சி முகத்தைத் திருப்பிக்கொண்டார். இருபது வருடத்தில் முதல் முறையாக ராஜரத்தினம் ஒரு படிவத்தைக் கிழித்தார். கடைசியில் ‘காஜா பெராங் நாற்காலிக் கம்பெனி’ என்று முடிவானது. பதினோரு வருடமாகப் பலகையில் தன் பெயர் இரண்டாவதாக இருந்ததை நினைத்து மனம் புழுங்கிய கலியாணசுந்தரத்துக்கு இப்போது அந்தக் கவலையே இல்லாமல் போயிற்று.

பலகை எழுத வந்தவர், பல தலைமுறைக்கு முன்பே மலாக்காவில் குடியேறிய தமிழர்கள் வாழும் கம்போங் செட்டிக்காரர். கோயில் விட்டால் வியாபாரம் என்று இருந்த பரம்பரையில் வந்தவர் என்று அவரே சொல்லிக்கொள்வார். நெற்றியில் திருநீறும் வாயில் மலாயும் இருக்கும், தமிழ் எழுத்து படிக்கத் தெரியாது. காகிதத்தில் எழுதிக் கொடுத்ததைக் கோலம் மாதிரிப் பார்த்து அச்சாக வரைந்தார். ‘நாற்காலி’க்குப் பின்னால் வரும் ஒற்றெழுத்தை மட்டும் விட்டுவிட்டார். கவனித்தது ஆச்சிதான். கூடுதல் கூலி இல்லாமல் அதைச் சேர்க்கவைத்ததும் ஆச்சிதான். கலியாணசுந்தரம் அப்போதுதான் தன் புதுக் கூட்டாளியை லேசாகப் பயத்தோடு பார்க்க ஆரம்பித்தார்.

சிங்கப்பூர் சம்மதம் இருபத்தாறாம் தேதி வந்தது. முதல் செக் தச்சருக்கு. ஆச்சி கையெழுத்துப் போடுமுன் இது எதற்கு, எத்தனை நாற்காலிக்கு, என்ன மரம், போன தடவை என்ன விலை என்று கேட்டார். போன தடவை என்ன விலை என்று கலியாணசுந்தரத்துக்கு ஞாபகம் இல்லை. பழைய பில்லைத் தேடி எடுக்க அரை மணி ஆயிற்று. பார்த்தால் தச்சர் இந்தத் தடவை ஏற்றிச் சொல்லியிருந்தார். ஆச்சி தன் பெயரை ஒரு புள்ளி விடாமல், ஒரு சுழி குறையாமல் எழுதி முடிக்க இன்னும் ஐந்து நிமிடம். கடையில் நீண்ட காலத்துக்குப் பிறகு பேச்சுச் சத்தம் கேட்டதில் பக்கத்துக் கடைக்காரர் என்னவோ ஏதோ என்று எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

தச்சரும் அவர் ஆட்களும் நான்கு நாள் விடாமல் வேலை செய்து இருநூறு நாற்காலிகளையும் வெள்ளிக்கிழமை மாலையில் இறக்கினார்கள். சிலவற்றில் வார்னிஷ் காயவில்லை. சனிக்கிழமை காலையில் மலாக்காவின் பிரமுகர்கள் சுதந்திர நாட்டின் குடிமக்களாக அதில் உட்கார்ந்து, கொடியேற்றம் முடிந்து எழுந்தபோது ஏழெட்டுப் பேருடைய உடுப்பின் பின்புறத்தில் வார்னிஷும் கொஞ்சம் ஒட்டிக்கொண்டு வந்தது. அதில் விழாக் குழுச் செயலாளரும் ஒருவர். ஒட்டியது புதுக் கோட்டின் பின்பக்கம் என்பதால் அவருக்குத் தெரியவில்லை. அப்படியே மேடையேறி உழைப்பையும் தியாகத்தையும் பற்றி நெடுநேரம் பேசினார்.

வாடகைப் பணத்தை அவர் செப்டம்பர் இரண்டாம் வாரம்தான் செக்காக அனுப்பினார். கலியாணசுந்தரம் அதை எடுத்துக்கொண்டு பேங்குக்குப் போனார். ராஜரத்தினம் செக்கைப் பார்த்தார், கலியாணசுந்தரத்தைப் பார்த்தார், மறுபடி செக்கைப் பார்த்தார். குழுவின் பழைய ஏட்டில் இருந்தபடி ‘மருதப்பன் கலியாணசுந்தரம் கம்பெனி’ பேருக்கு எழுதியிருந்தது.

“அப்படி ஒரு கம்பெனி இப்ப இல்லையே” என்றார் ராஜரத்தினம். மாற்றி வாங்கி வரலாம், அல்லது பழைய கம்பெனி சார்பில் பின்னால் கையெழுத்துப் போட்டுப் புதுக் கணக்கில் சேர்க்கலாம். இரண்டாவது வழிக்கு உயிரோடு இருப்பவரும், இறந்தவருக்குப் பதிலாக அவர் மனைவியும் நேரில் வரவேண்டும். செக்கை மாற்றித் தரவேண்டிய செயலாளரோ கேமரன் மலைக்குக் குடும்பத்தோடு ஓய்வெடுக்கப் போயிருந்தார்.

கலியாணசுந்தரம் வெயிலில் நடந்து ஆச்சி வீட்டுக்குப் போனார். ஆச்சி மிளகாய் காயவைத்துக்கொண்டிருந்தார். செக்கை வாங்கி இரண்டு பக்கமும் பார்த்தார். மேலே முதலில் எழுதியிருந்த பெயரில் விரலை வைத்தார். இந்தச் செக்கைக் காசாக்காமல் இப்படியே வைத்துக்கொள்ள முடியுமா என்று கேட்டார். முடியாது ஆச்சி, லாரிக்காரனுக்குக் கொடுக்கவேண்டும் என்றார் இவர். அதுவும் சரிதான் என்று சேலையை மாற்றிக்கொண்டு வந்தார்.

இரண்டு சைக்கிள் ரிக்‌ஷா பிடித்தார்கள். இருவரும் ஒரே ரிக்‌ஷாவில் போனால் ஊர் பேசும் என்பதால் இரண்டு. முன்னால் போனதில் ஆச்சி இருந்தார். பின்னால் வந்ததில் கலியாணசுந்தரம், இந்த இரண்டு ரிக்‌ஷாக் கூலியும் கம்பெனிச் செலவா, சொந்தச் செலவா என்று யோசித்துக்கொண்டு வந்தார். பேங்கு வாசலில் இறங்கியதும் ஆச்சியிடமே அதைக் கேட்டார்.

“என்னோடது கம்பெனிச் செலவு” என்றார் ஆச்சி. “நீங்க நடந்து வந்திருக்கலாமே.”